ஒற்றைப்படைச் சிட்டங்கள்

டீகனுக்குச் சிவப்பும் பச்சையும் ஒன்றுதான் என்பது எனக்குத் தெரிந்து ஆறு வருஷம் ஆகியிருந்தது. கம்பெனிக்குத் தெரியாது. அவர் எஞ்சின் டிரைவர். நான் அவருக்குக் கரி அள்ளிப் போடும் ஃபயர்மேன்.

வெள்ளை விளக்கு என்றால் போகலாம். பச்சை என்றால் மெதுவாகப் போக வேண்டும். சிவப்பு என்றால் நிற்க வேண்டும். ரயிலில் இதற்கு மேல் படிக்க அதிகம் இல்லை. ஐந்தாம் வகுப்போடு நின்றுபோன எனக்கு அது வசதியாக இருந்தது. டீகனுக்கு வெள்ளை நன்றாகத் தெரியும். மற்ற இரண்டையும் ‘ஆறிப்போன டீ கலர்’ என்பார்.

நான் அவரிடம் சேர்ந்த இரண்டாவது வாரம் இது தெரியவந்தது. ஹார்லோ பாலத்துக்கு முன்னால் சிவப்பு எரிந்துகொண்டிருந்தது. அவர் பச்சைக்குக் குறைக்கிற அளவு மட்டும் வேகத்தைக் குறைத்துவிட்டு என்னை ஓரக்கண்ணால் பார்த்தார். நான் கத்தினேன். வண்டி நின்றது. அவர் நெற்றியைத் துடைத்துக்கொண்டு சொன்னார்:

“கத்தாதடா ஓட்டிஸ். பின்னாடி கார்டு காதுல விழும். இனிமே கரிவாரியால அடுப்புக் கதவுல தட்டு. பச்சைக்கு ஒண்ணு. சிவப்புக்கு ரெண்டு.”

“அண்ணே, உங்களுக்குக் கண்ணு…”

“கண்ணு கழுகுக் கண்ணு. கலர் மட்டும்தான் தகராறு. போதுமா? கரியப் போடு.”

அன்றிலிருந்து தட்டினேன். ஆறு வருஷம். மற்றவர்கள் அது என் கைப்பழக்கம் என்று நினைத்தார்கள். டீகனை ‘ஆமை’ என்று கூப்பிட்டார்கள். சந்தேகம் வந்தால் நிறுத்திவிடுவார், அதனால் அந்தப் பெயர். இருபத்தொரு வருஷத்தில் அவர் ஒரு மாட்டைக்கூடக் கொன்றதில்லை. ஒழுங்கான கண் உள்ளவர்கள் அதே தடத்தில் மூன்று எஞ்சின்களை ஆற்றுக்குள் இறக்கியிருக்கிறார்கள்.

அவருக்கு விளக்குகள் எல்லாம் இடத்தை வைத்து மனப்பாடம். தண்ணீர்த் தொட்டிக்கு இடதுபுறம் உயரத்தில் இருப்பது நில். மரக்கடைக்குப் பின்னால் இருப்பது மெதுவாக. நான் சேர்ந்தபோது பள்ளத்தாக்கில் மூன்று இரும்பு உலைகள் இருந்தன. அந்த வருஷம், ஆயிரத்து எண்ணூற்று எண்பத்தேழில், பத்தொன்பது. ஒவ்வொரு உலைக்கும் ஒரு கிளைத்தடம், ஒவ்வொரு கிளைத்தடத்துக்கும் ஒரு விளக்கு. புகை இறங்கினால் நண்பகலிலும் விளக்கு ஏற்றித்தான் வேலை. போன வாரம் வெறும் கம்பமாக நின்றது இந்த வாரம் சிக்னலாகிவிடும். தடத்தோரம் ஒரு மருந்துக்கடைக்காரன் ஜன்னலில் கலர்த் தண்ணீர் ஜாடி வைத்து அதற்குப் பின்னால் விளக்கும் வைத்துவிட்டான். நானே ஒருமுறை அதற்கு இரண்டு தட்டுத் தட்டி, முப்பது வண்டிச் சரக்கு ரயிலை இருமல் மருந்துக்காக நிறுத்தினேன்.

டீகன் அன்று சிரிக்கவில்லை. “உனக்கே தெரியலையேடா” என்றார். அதை மூன்று தடவை சொன்னார்.

அந்த இலையுதிர் காலத்தில் வேறொரு கம்பெனியின் வண்டி சிவப்பைத் தாண்டிப் போய் இன்னொன்றின்மேல் ஏறியது. பதினேழு பேர் செத்தார்கள். பத்திரிகைகள் ஒரு மாதம் அதையே எழுதின. எங்கள் கம்பெனிக்கு வெட்கம் வந்தது. லோகோ ஷெட் கதவில் அறிவிப்பு ஒட்டினார்கள்: டிரைவர், ஃபயர்மேன், பிரேக்காரன், எல்லோருக்கும் நிறச் சோதனை. தேறாதவனுக்கு எஞ்சின் கிடையாது.

டீகனுக்கு ஐம்பத்திரண்டு வயது. எஞ்சினை விட்டால் அவருக்கு வேறு வேலை தெரியாது. எஞ்சினை விட்டு இறக்கப்பட்டவர்களை நாங்கள் தினமும் பார்த்துக்கொண்டிருந்தோம். சாம்பல் குழியில் இடுப்புவரை இறங்கி நின்று, முந்தாநாள் வரை தங்களை ‘சார்’ என்றவனின் எஞ்சினுக்கு அடியில் கசடு வாருவார்கள்.

சோதனை கம்பளி நூலை வைத்து நடக்கும் என்ற செய்தி முதலில் வந்தது. உடனே ஊரில் இருந்த பின்னல் கூடைகள் எல்லாம் சமையல் மேஜைக்கு வந்துவிட்டன. டீகன் வீட்டிலும் அதுதான். அவர் மனைவி நோரா நூலை எடுத்து எடுத்துக் காட்டுவாள். அவர் சொல்ல வேண்டும். நான் முட்டைக்கோஸும் உப்புக்கறியும் தின்றுகொண்டு பார்த்துக்கொண்டிருப்பேன்.

“இது?”

“சிவப்பு.”

“எப்படித் தெரியும்?”

“உன் தங்கச்சிக்குச் சால்வை பின்னுன நூலு. ஒரு முனை கருகியிருக்கு.”

“அய்யோ, அவங்க என் தங்கச்சி சால்வையவா கொண்டுவந்து காட்டப் போறாங்க?”

“அண்ணி, விடுங்க. நம்ம ஆளு பெட்டியைத் தொறக்கிறதுக்கு முன்னாடியே வாசனைய வச்சுச் சொல்லிடுவாரு” என்றேன். நோரா கரண்டியால் என் முழங்கையில் அடித்தாள்.

இரண்டு வாரம் இப்படிப் போனது. அவர் பன்னிரண்டு நூலுக்குப் பெயர் கற்றுக்கொண்டார். பிறகு முதல் அணி சோதனைக்குப் போய்த் திரும்பியது. பெயரே கேட்கவில்லையாம். ஒரு நீளக் கோல். அதில் இருபது கம்பளிச் சிட்டங்கள், சின்னச் சின்ன நூல்கற்றைகள், தொங்குகின்றன. குமாஸ்தா ஒரு பச்சைச் சிட்டத்தை மேஜையில் வைத்து, “இதுக்குச் சொந்தக்காரங்களா இருக்கிறதையெல்லாம் எடுத்து இது மேல போடு, பேரு வேணாம்” என்கிறான். வெளிர்ப்பச்சை, கரும்பச்சை எல்லாம் எடுக்க வேண்டும். நடுநடுவே பழுப்பு, சாம்பல், ரோஜா, சிவப்பு. நிறம் தெரியாதவனுக்கு அத்தனையும் ஒரே குடும்பமாகத்தான் தெரியும்.

டீகன் அன்று சாப்பிடவில்லை. நோரா நூலையெல்லாம் கூடையில் போட்டு மூடினாள்.

ஆனால் அந்தக் குமாஸ்தா பிரூயட்டுக்கு ஒரு கோளாறு இருந்தது. உதடு அசையாமல் எழுத வராது. ஒவ்வொரு சிட்டத்திலும் துணி மறைப்புக்கு அடியில், இடமிருந்து வலமாக ஒன்று முதல் இருபது வரை, ஒரு தகர எண் இருந்தது. ஆள் எடுத்ததன் எண்ணைத் தாளில் எழுதும்போது முணுமுணுத்துக்கொண்டே எழுதுவான். ஒன்று, மூன்று, ஐந்து, ஏழு. சரியாக எடுத்தவர்கள் எல்லோருக்கும் ஒற்றைப்படை. தவறியவர்களிடம் மட்டும் நான்கும் பன்னிரண்டும் வந்தன. கண் வைத்தியம் படிக்காத குமாஸ்தாவும் மதிப்பெண் போட வசதியாக இருக்கட்டும் என்று எவனோ புத்திசாலி செய்த ஏற்பாடு. மூன்றே நாளில் அது சலூனுக்கும் சாராயக்கடைக்கும் வந்துவிட்டது. ஒருவரை ஒருவர் பார்த்தால் வணக்கம் போய், “ஒத்தையா ரெட்டையா?” என்று கேட்பதே வழக்கமாகிவிட்டது.

“இடத்தை வச்சுத்தானே?” என்றார் டீகன். அவர் முகம் ஒரு மாதத்துக்குப் பிறகு நிமிர்ந்தது. “இடத்தை வச்சுன்னா நான் இந்தக் கம்பெனியவே வித்துடுவேனே.”

துணி உலர்த்தும் கயிற்றில் இருபது நூல்துண்டுகளைத் தொங்கவிட்டுப் பழகினோம். இடது ஓரத்தில் ஆரம்பித்து ஒன்றுவிட்டு ஒன்று. ஆனால் வரிசையாக எடுக்கக் கூடாது, ஏழு, ஒன்று, பதினைந்து என்று மாற்றி மாற்றி எடுக்க வேண்டும் என்று நான் சொல்லிக்கொடுத்தேன்.

“ஒண்ணே ஒண்ண மட்டும் தப்பா எடுத்துட்டு, அப்புறம் வேணாம்னு திருப்பி வச்சிடுங்க அண்ணே. நல்ல கண்ணு இருக்கிறவனே தடுமாறுறான். தடுமாறினாத்தான் நம்புவாங்க.”

“சரி சரி” என்றார்.

எங்கள் இருவருக்கும் ஒரே நாள் சோதனை. ஸ்டேஷன் மாடியறை. மேஜையில் வெள்ளைத்துணி, கோல், பிரூயட். அன்று சூப்பிரண்டு விட்லாக்கும் வந்து ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தார். முதலில் நான் போனேன். எனக்குக் கண்ணில் பழுதில்லை. ஆனால் கோலைப் பார்த்ததும் மண்டைக்குள் ஒன்று, மூன்று, ஐந்து என்று ஓட ஆரம்பித்துவிட்டது. நான் பச்சையைப் பார்த்து எடுத்தேனா எண்ணிப் பார்த்து எடுத்தேனா என்று இன்றுவரை எனக்குத் தெரியாது. இரண்டு இடத்தில் தயங்கினேன். தேறினேன்.

டீகன் தயங்கவில்லை. சீட்டுக்கட்டைப் பிரிக்கிறவன் போல எடுத்து எடுத்துப் போட்டார். பத்துக்குப் பத்து. ஒரு தப்பு இல்லை, ஒன்றையும் திருப்பி வைக்கவில்லை. பிரூயட் முணுமுணுப்பதையே நிறுத்திவிட்டான். விட்லாக் எழுந்து வந்து அவர் கையைக் குலுக்கினார்.

படியிறங்கும்போது கேட்டேன். “ஏண்ணே ஒண்ணையாவது தப்பா எடுக்கல?”

“இருபத்தொரு வருஷம் ஓட்டியிருக்கேன். அந்த முணுமுணுக்கிற குமாஸ்தாப் பொடியன் முன்னாடி தப்பா எடுக்கச் சொல்றியா என்னை?”

அதற்குப் பலன் நான்கு நாளில் வந்தது. ஆற்றோரமாகப் புதிதாகப் போட்ட தடத்தில், உலை முதலாளிகளும் அவர்கள் வக்கீல்களும் நகரத்துக்குப் போய்வர ஒரு பகல் எக்ஸ்பிரஸ் விடுகிறார்கள். முப்பது மைல், நாற்பது நிமிஷம். அதற்கு டிரைவராக, கண் சோதனையில் முதலாவதாக வந்த டீகன். ஃபயர்மேனாக நகரத்திலிருந்து வருகிற ஒரு புது ஆள். டிரைவர் வேலைக்குக் காத்திருந்தவர்கள் பட்டியலில் முதலில் இருந்தவன் நான், அதனால் டீகனின் பழைய சரக்கு வண்டி, பதினாலாம் நம்பர், எனக்கு. வரும் திங்கள் முதல்.

நான்கு வருஷமாக நான் காத்திருந்த சீட்டு அது. தாளைக் கையில் வைத்துக்கொண்டு ஷெட்டிலேயே உட்கார்ந்துவிட்டேன்.

பதினாலாம் நம்பரும் அந்தப் புதுத் தடத்தில்தான் போகிறது. கசடு வளைவு என்கிற இடத்தில் பக்கத் தடத்தில் ஒதுங்கி, பின்னால் வரும் எக்ஸ்பிரஸுக்கு வழிவிட வேண்டும். பன்னிரண்டு நாற்பதுக்கு. அந்தப் பக்கத் தடம் இருபத்துநாலு வண்டிக்குப் போட்டது. கம்பெனி இப்போது முப்பத்தொன்று மாட்டுகிறது. வால்பக்கம் ஏழு வண்டிகள் பிரதான தடத்திலேயே நிற்கும். பின் பிரேக்காரன் சிவப்பு விளக்கோடு வளைவுக்கு அந்தப் பக்கம் ஓடிப்போய் எக்ஸ்பிரஸை நிறுத்த வேண்டும். அது நின்ற பிறகு நான் முன்னால் இழுத்து வழிவிட வேண்டும்.

அந்த விளக்கைத்தான் டீகன் பார்ப்பார். பக்கத்தில் கரிவாரியால் தட்ட ஆளில்லை. அன்றைக்கு நிற்கிறவன் நாளைக்கு வேறு இடத்தில் நிற்பான், அதனால் இடத்தை வைத்தும் சொல்ல முடியாது. அவர் அதைப் பச்சை என்று எண்ணி மெதுவாக வந்தாலும், அந்த வளைவில் இடித்து ஏழு வண்டியும் என்மேல் வந்துவிடும்.

அவர் வீட்டுக்குப் போனேன். அவர் பூட்ஸைக் கழற்றிக்கொண்டிருந்தார். பூட்ஸ் முழுக்கச் சேறு.

“அண்ணே, வேணாம்னு சொல்லிடுங்க.”

“என்ன காரணம் சொல்றது?”

“வயசாச்சுன்னு சொல்லுங்க. முதுகு வலின்னு சொல்லுங்க.”

“பத்துக்குப் பத்து எடுத்தவன் நல்ல வண்டி வேணாம்னா, ஏன்டான்னு கேக்க மாட்டானா? மறுபடி கூப்ட்டு உக்கார வைக்க மாட்டானா?” அவர் குரல் தாழ்ந்தது. “உன்னை ஃபயர்மேனாக் குடுங்கன்னு கேட்டுப் பார்த்துட்டேன். பட்டியல மாத்த முடியாதுங்கிறான். நடந்து பார்த்து எழுதிட்டு வந்திருக்கேன். பாரு.”

ஒரு நோட்டு. முப்பது மைல் விளக்கையும் மூன்று நாள் நடந்து குறித்திருந்தார். எந்தக் கம்பம், எவ்வளவு உயரம், எந்தச் சுவருக்குப் பக்கம். அங்கங்கே ஆட்களிடம் பேச்சுக்கொடுத்து நிறத்தையும் கேட்டு எழுதியிருக்கிறார். கடைசிப் பக்கத்தில் இரண்டு வரிகள் அடித்துத் திருத்தப்பட்டிருந்தன.

“இது என்ன?”

“முதல் நாள் அது அங்க இல்ல” என்றார். பூட்ஸை மறுபடி கையில் எடுத்துப் பார்த்துவிட்டுக் கீழே வைத்தார். “முந்தாநாள் நட்டுருக்காங்க.”

“கசடு வளைவுல என் பிரேக்காரன் நிப்பான். அவன் கம்பத்துல நிக்க மாட்டான் அண்ணே.”

“தெரியும்டா. தெரியாமலா இருக்கேன்? அங்க எதைப் பாத்தாலும் நிறுத்திடுவேன்.”

“எக்ஸ்பிரஸ எதைப் பாத்தாலும் நிறுத்துவீங்களா? நாலாவது நாள் உங்களை இறக்கிடுவாங்க.”

“அந்த நாலாவது நாளைப் பத்தி அப்ப பாப்போம். வீட்டுக்குப் போ.”

வெள்ளிக்கிழமை நோரா நான் தங்கியிருந்த விடுதிக்கே வந்துவிட்டாள். கையில் எனக்கென்று தைத்த சட்டை ஒன்று, வந்த காரணமாக விடுதிக்காரிக்குக் காட்டுவதற்காக. வாசல் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றாள்.

“அவர் தூங்குறதில்ல. மேஜைல உப்பு டப்பா, மிளகு டப்பா எல்லாம் அடுக்கி வச்சு நகத்திக்கிட்டே இருக்காரு. நீ போய் சூப்பிரண்டுகிட்ட சொல்லிடு.”

“நீங்க சொல்லுங்களேன்.”

“நான் சொன்னா அவர் மூஞ்சில எப்படி முழிப்பேன்?”

“நான் மட்டும் எப்படி முழிக்கிறது?”

“நீ அவரோட குடித்தனமா பண்ற?” என்றாள். சட்டையை என் கையில் திணித்தாள். “நான் இங்க வந்ததா யார்கிட்டயும் சொல்லக் கூடாது. சொன்னேன்னு வை, பொய்யின்னு சத்தியம் பண்ணுவேன்.”

அவள் கேட்டதால்தான் போனேன் என்று எழுதினால் எனக்குக் கௌரவமாக இருக்கும். அது பொய். பதினேழு பேரைப் பற்றியும் நான் யோசிக்கவில்லை. ஏழு வண்டிகள் என்மேல் மடங்கி ஏறுவதைத்தான் நினைத்துக்கொண்டிருந்தேன். ஆறு வருஷம் அவர் பக்கத்தில் உட்கார்ந்திருந்தபோது இந்த இரகசியத்தை ஒரு நட்பு மாதிரி வைத்துக்கொண்டிருந்தேன். அவருக்கு முன்னால் போகிற வண்டியில் உட்காரச் சொன்னதும் கசந்துவிட்டது.

சனிக்கிழமை மத்தியானம் விட்லாக் மேஜையில் அவித்த முட்டையை உரித்துக்கொண்டிருந்தார். சொன்னேன். அவர் முட்டையைக் கீழே வைக்கவில்லை.

“டிரைவர் சீட்டு குடுத்தாச்சு. இன்னும் என்ன வேணும் உனக்கு? எக்ஸ்பிரஸேவா?”

“எனக்கு எதுவும் வேணாம் சார்.”

“டிவிஷன்லயே அவன் ஒருத்தன்தான் ஒரு தப்பும் இல்லாம எடுத்தான்.”

“அதனாலதான் சார் சொல்றேன்.”

ஒற்றைப்படை விஷயத்தைச் சொன்னேன். கோலைத் திருப்பிப் பிடித்தால் அவர் எண்ணுகிற ஒன்று இருபதாகிவிடும் என்றேன். அவர் மென்றுகொண்டே என்னைப் பார்த்தார். பிறகு பிரூயட்டைக் கூப்பிட்டு, பெட்டியை எடுத்து வரவும் டீகனை அழைத்து வரவும் சொன்னார்.

டீகன் தொப்பியைக் கையில் பிடித்தபடி உள்ளே வந்தார். மூலையில் என்னைப் பார்த்தார். கோலைப் பார்த்தார். அவருக்குப் புரிந்துவிட்டது என்றுதான் நினைக்கிறேன். ஆனால் எந்த அளவு புரிந்தது என்று தெரியவில்லை. ஏதோ ஒன்றை மாற்றியிருக்கிறார்கள் என்று தெரிந்தாலும், எதை மாற்றினார்கள் என்று பார்க்கிற கண் அவருக்கு இல்லையே.

“ஒரு சின்ன சந்தேகம், டீகன். இன்னொரு தடவை எடுத்துக் காட்டிடு. அவ்வளவுதான்” என்றார் விட்லாக். குரலில் மரியாதை இருந்தது. நான் சொன்னது பொய்யாக இருக்க வேண்டும் என்று அவரும் விரும்பினார்.

டீகன் மேஜைக்கு முன்னால் வந்து நின்றார். சிட்டங்களின் அருகே கையைக் கொண்டுபோய் ஒன்றை லேசாகத் தூக்கி, கனம் பார்ப்பதைப்போல, விட்டார். பிறகு எடுக்க ஆரம்பித்தார். இந்தமுறை மெதுவாக. ஒன்றுவிட்டு ஒன்று. சாம்பல். பழுப்பு. ரோஜா. இன்னொரு பழுப்பு. நான் தரையைப் பார்த்துக்கொண்டிருந்தேன். பிரூயட்டின் உதடு மட்டும் சத்தமாக அசைந்துகொண்டிருந்தது. இருபது, பதினெட்டு, பதினாறு. கடைசியாக ஒரு சிவப்பு, கசாப்புக்கடைச் சிவப்பு. அதையும் பச்சையின் மேல் ஒழுங்காக மடித்து வைத்துவிட்டுத்தான் கையை எடுத்தார்.

மேஜையில் உரித்த முட்டை ஓடு கிடந்தது.

“எத்தனை வருஷமா?” என்று விட்லாக் என்னைக் கேட்டார்.

“ஆறு.”

“இவன் கணக்குல ஆறு” என்றார் டீகன். “எனக்கு இருபத்தொண்ணு.” தொப்பியைப் போட்டுக்கொண்டார். என் பக்கம் திரும்பி, “தட்டியிருக்கலாமேடா, ரெண்டு” என்றார். கோபமாகச் சொல்லவில்லை. அதற்குப் பிறகு அவர் என்னிடம் பேசியதே கிடையாது.

அவர் போன பிறகு விட்லாக் கதவைச் சாத்தினார். “இந்த ஒத்தைப்படை சமாச்சாரம் வேற யாருக்குத் தெரியும்?”

“எல்லாருக்கும்.”

“எல்லாருக்கும்னா?”

“சலூன்காரனுக்குக்கூடத் தெரியும் சார்.”

அவர் பிரூயட்டைப் பார்த்தார். பிரூயட் தன் உதட்டைக் கையால் மூடிக்கொண்டான். நூற்றுப் பன்னிரண்டு பேரைச் சோதித்ததில் நூற்றெட்டுப் பேர் தேறினார்கள் என்ற அறிக்கை தலைமை அலுவலகத்துக்குப் போய்விட்டிருந்தது. பத்திரிகைகளிலும் போட்டுவிட்டார்கள். மறுபடியும் எல்லோரையும் உட்கார வைத்தால் திங்கட்கிழமை உலைகளுக்குக் கரி கொண்டுபோக ஆள் இருக்காது. ஜன்னலுக்கு வெளியே யார்டைப் பார்த்தபடி அவர் இதையெல்லாம் யோசித்துக்கொண்டு நின்றது எனக்குத் தெளிவாகத் தெரிந்தது. கீழே நாலைந்து எஞ்சின்கள் போய்வந்துகொண்டிருந்தன. ஒவ்வொன்றின் வலதுபக்கமும் ஒரு தலை நீட்டிக்கொண்டிருந்தது.

பிறகு அவரே கோலைத் துணியில் சுற்றிப் பெட்டிக்குள் வைத்துப் பூட்டினார்.

“டீகனுக்கு முதுகு வலி. கரிமேடையில வேலை போட்டுடறேன். எக்ஸ்பிரஸ ஹோபர்ட் ஓட்டட்டும். நீ திங்கக்கிழமை பதினால எடுத்துட்டுப் போ.”

“சார், மத்தவங்களை…”

“வாயத் தைச்சுக்கிட்டுப் போ. உன்னையும் சேத்து இறக்கணும் நான், அது தெரியுமில்ல?”

தெரியும். போனேன்.

ஞாயிற்றுக்கிழமை அந்தச் சட்டையின் கூலியைக் கொடுக்க நோரா வீட்டுக் கதவைத் தட்டினேன். உள்ளே காலடிச் சத்தம் கேட்டது. கதவு திறக்கவில்லை. ஷெட்டில் எல்லோரும் நான் சீட்டுக்காகக் காட்டிக்கொடுத்தேன் என்று பேசிக்கொண்டார்கள். மறுத்துச் சொல்ல வேண்டுமானால் காரணத்தைச் சொல்ல வேண்டும். சொல்லவில்லை.

திங்கட்கிழமை புகை தரைவரை இறங்கிக் கிடந்தது. பன்னிரண்டு இருபதுக்குக் கசடு வளைவில் ஒதுங்கினேன். எஞ்சின் முன்னால் பக்கத் தடத்தின் முனையில். வால் ஏழு வண்டி பின்னால் பிரதான தடத்தில். பின் பிரேக்காரன் விளக்கோடு இறங்கி ஓடியதற்கு அடையாளமாகக் கார்டு ஒரு கைத்துணியை ஆட்டினார். அதுவும் பாதிதான் தெரிந்தது. வலதுபக்கச் சீட்டில் உட்கார்ந்திருந்தேன். எனக்குக் கரி போட வந்தவன் ரொட்டியைப் பிரித்துத் தின்ன ஆரம்பித்தான்.

“என்ன சார், கடிகாரத்தையே பாக்குறீங்க?”

“சும்மா தின்னு.”

ஹோபர்ட்டைப் பற்றி எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான்: எட்டு வருஷ டிரைவர், வேகமாக ஓட்டுவான், சிரித்த முகம். சோதனையில் அவன் எத்தனை எடுத்தான், எப்படி எடுத்தான் என்று எனக்குத் தெரியாது. கடிகாரத்தைப் பார்த்தேன். முப்பத்தெட்டு. முப்பத்தொன்பது. விசில் கேட்டது, வளைவுக்கு அந்தப் பக்கம். பிறகு சக்கரச் சத்தம். பிரேக் பிடித்தால் ஒரு கிறீச்சல் வரும், அது வரவில்லை. வேகம் கொஞ்சம் குறைந்தது. கொஞ்சம்தான். பச்சைக்குக் குறைக்கிற அளவு.

எஞ்சினிலிருந்து இறங்கிவிட்டேன். குதித்தேன் என்று சொல்வதுதான் சரி. ஃபயர்மேன் ரொட்டியோடு என்னை வெறித்துப் பார்த்தான். அப்போதுதான் கிறீச்சல் வந்தது. நீளமாக, பல்லைக் கூசவைத்துக்கொண்டு வந்தது. வரிசையாக வண்டிகள் ஒன்றையொன்று இடிக்கிற சத்தத்துக்காக நின்றேன். அது வரவில்லை.

முப்பத்தொரு வண்டியையும் தாண்டி நடந்தேன். எக்ஸ்பிரஸ் எஞ்சின் என் கடைசி வண்டிக்குப் பத்தடி தள்ளி மூச்சு விட்டுக்கொண்டு நின்றது. பயணிகள் ஜன்னல் வழியாக எட்டிப் பார்த்துத் திட்டினார்கள். கொஞ்சம் தள்ளி, தடத்தோரப் பள்ளத்தில், பிரேக்காரன் சேற்றில் உட்கார்ந்திருந்தான். கடைசி நொடியில் தாவியிருக்கிறான். விளக்கு இன்னும் அவன் கையில்தான் இருந்தது.

ஹோபர்ட் எஞ்சினிலிருந்து தலையை நீட்டினான். சிரித்துக்கொண்டுதான் இருந்தான், ஆனால் உதடு வெளுத்திருந்தது.

“என்னய்யா இது, வால வெளிய விட்டுட்டு மெதுவா வான்னு விளக்கு காட்டுறீங்க? நல்லவேளை, கண்ணுல பட்டுச்சு.”

“மெதுவாவா?” பிரேக்காரன் கத்தினான். “சிவப்புய்யா! சிவப்பு காட்டுனேன்! உன் மூஞ்சிக்கு நேரா ஆட்டுனேன்!”

“புகையில எல்லாம் ஒண்ணாத்தாம்பா தெரியுது” என்றான் ஹோபர்ட். “ஊதி விட்டா போயிடுமா இது? சரி, வழிய விடு ஓட்டிஸ், வக்கீலுங்க கடிக்க வராங்க.”

பிரேக்காரன் கையிலிருந்து விளக்கை வாங்கிப் பார்த்தேன். கண்ணாடியில் கரி படிந்திருந்தது. கட்டைவிரலால் துடைத்தேன். உள்ளே சிவப்பு. புகை நிஜமாகவே கனமாகத்தான் இருந்தது. அந்தப் புகையில் நானே தவறியிருக்கலாம். மருந்துக்கடைக்கே நின்றவன் நான்.

ஹோபர்ட்டைப் பார்த்தேன். அவன் பார்வையை விலக்கி, ஏதோ கைப்பிடியைச் சரிபார்த்துக்கொண்டிருந்தான். கேட்க வேண்டியது ஒரே ஒரு வார்த்தை: “ஒத்தையா?” கேட்டால் அவன் ஏதாவது சொல்வான். சொன்னால் நான் மறுபடியும் அந்த அலுவலகத்துக்குப் போக வேண்டியிருக்கும்.

கேட்கவில்லை. விளக்கைப் பிரேக்காரனிடம் கொடுத்துவிட்டு, வழிவிடுவதற்காக என் எஞ்சினை நோக்கி நடந்தேன்.